சக்கரத்தின் உள்பக்கம் கிரீஸ் தெறித்திருக்கிறதா? கார் ஆக்ஸில் தேய்மானத்தை நீங்களே கண்டுபிடிப்பது எப்படி

ஸ்டீயரிங்கை முழுக்க ஒடித்து யூ-டர்ன் போடும்போது முன்சக்கரத்துப் பக்கம் 'டக் டக் டக்' என்று ஒரு சத்தம். ஒர்க்‌ஷாப்பில் கொண்டுபோய் விட்டால் "ஆக்ஸில் போயிடுச்சு சார், மாத்திடலாம்" என்பார்கள். எந்தப் பக்கத்து ஆக்ஸில், அதில் எந்த முனை, ரப்பரை மட்டும் மாற்றினால் போதாதா, ஒருவேளை அது ஆக்ஸிலே இல்லாமல் வேறு எதுவுமாக இருக்குமா என்றெல்லாம் கேட்கத் தெரியாததால் பில்லைக் கட்டிவிட்டு வந்துவிடுகிறோம். புதிதாகக் கார் ஓட்ட ஆரம்பித்தவர்களும், செகண்ட் ஹேண்ட் கார் வாங்க அலைகிறவர்களும் இந்தக் கேள்விகளுக்கான பதிலில் பாதியைத் தாங்களே கண்டுபிடித்துவிடலாம். பெரிய கருவி எதுவும் வேண்டாம். ஒரு டார்ச், ஒரு பழைய துணி, ஆள் நடமாட்டம் இல்லாத ஒரு மைதானம் இருந்தால் சரி.

முதலிலேயே ஒன்றைச் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் இது மட்டும் தெரிந்தாலே நிறைய பணம் மிச்சமாகும். ஆக்ஸில் முனையில் இருக்கும் ஜாயிண்ட் தானாகத் தேய்ந்து கெடுவது குறைவு. அதை மூடியிருக்கும் ரப்பர் உறை (ஒர்க்‌ஷாப் பேச்சில் 'பூட்') முதலில் கிழிகிறது, உள்ளே இருக்கும் கிரீஸ் வெளியே தெறித்துப் போகிறது, அந்த ஓட்டை வழியாக மண்ணும் மழைத்தண்ணீரும் உள்ளே போகிறது, அதற்கு அப்புறம்தான் சத்தம். ரப்பர் கிழிந்த நாளுக்கும் சத்தம் வரும் நாளுக்கும் நடுவில் உங்களுக்கு அவகாசம் இருக்கிறது. அந்த அவகாசத்தில் பார்த்துவிட்டால் சின்ன ஹேட்ச்பேக் கார்களில் பொருளுக்குச் சில நூறு ரூபாயோடு கூலியும்தான் செலவு, விட்டுவிட்டால் சில ஆயிரங்கள்.

ஆக்ஸில் எது, எங்கே இருக்கிறது

நம் சாலைகளில் ஓடும் சின்ன கார்களில் பெரும்பாலானவை முன்சக்கர இயக்கம் கொண்டவை. ஸ்விஃப்ட், வேகன் ஆர், ஐ10, பழைய சான்ட்ரோ, இண்டிகா, எடியோஸ் எல்லாம் இந்த வகை. அம்பாசடரும் பத்மினியும் பின்சக்கரத்தால் தள்ளிக்கொண்டு போன காலத்தில், 1983 டிசம்பரில் வந்த மாருதி 800 முன்சக்கரத்தால் இழுக்கிற வண்டி. அது தெருவுக்குத் தெரு பரவிய பிறகுதான் 'பூட் கிழிஞ்சிருக்கு' என்ற பேச்சு நம் ஒர்க்‌ஷாப்களில் சாதாரணமானது.

இந்தக் கார்களில் எஞ்சின், கியர்பாக்ஸ், டிஃபரன்ஷியல் (எஞ்சின் சக்தியை இரண்டு சக்கரத்துக்கும் பிரித்துக் கொடுக்கும் பல்சக்கர அமைப்பு) மூன்றும் முன்னாலேயே இருக்கின்றன. டிஃபரன்ஷியலிலிருந்து இடது சக்கரத்துக்கு ஒரு தண்டு, வலது சக்கரத்துக்கு ஒரு தண்டு. இவற்றைத்தான் டிரைவ் ஷாஃப்ட் என்றும் ஆக்ஸில் என்றும் சொல்கிறோம். கியர்பாக்ஸ் நடுவில் இல்லாமல் ஒரு பக்கமாக ஒதுங்கியிருப்பதால் பல கார்களில் ஒரு தண்டு குட்டையாகவும் மற்றது நீளமாகவும் இருக்கும். அடியில் பார்த்து 'இது என்ன, ஒன்று சின்னதாக இருக்கிறதே' என்று பயப்பட வேண்டாம். சில வண்டிகளில் நீளமான பக்கத்தில் நடுவே ஒரு பேரிங் வைத்து இரண்டு துண்டாகவும் கொடுத்திருப்பார்கள்.

ஒவ்வொரு தண்டுக்கும் இரண்டு முனை, இரண்டு முனையிலும் ஒவ்வொரு சி.வி. ஜாயிண்ட், அதாவது மடங்கினாலும் ஒரே சீரான வேகத்தில் சுற்றும் 'கான்ஸ்டன்ட் வெலாசிட்டி' இணைப்பு. சக்கரத்துப் பக்கம் இருப்பது வெளி ஜாயிண்ட், கியர்பாக்ஸ் பக்கம் இருப்பது உள் ஜாயிண்ட். இரண்டின் வேலையும் வேறு வேறு, அதனால் கெட்டுப்போனால் காட்டும் அறிகுறியும் வேறு வேறு. இந்த வித்தியாசம் மனதில் பதிந்துவிட்டால் மற்றதெல்லாம் சுலபம்.

வெளி ஜாயிண்ட் சக்கரத்தோடு சேர்ந்து திரும்ப வேண்டும். முழு ஸ்டீயரிங் ஒடிக்கும்போது 45 டிகிரி அளவுக்குக்கூட மடங்கி, அந்த நிலையிலும் ஒரே சீரான வேகத்தில் சுற்ற வேண்டும். சாதாரண கிராஸ் ஜாயிண்ட் (சிலுவை வடிவ இணைப்பு) மடங்கிய நிலையில் சுற்றினால் ஒரு சுற்றுக்குள் இரண்டு முறை வேகம் கூடிக் குறையும், ஸ்டீயரிங் கையில் உதறும். இதற்கு வழி கண்டுபிடித்தவர் ஆல்ஃபிரட் ருசெப்பா என்ற பொறியாளர், 1920களின் பிற்பகுதியில். உள்ளே ஒரு வளையம், வெளியே ஒரு கிண்ணம், இரண்டிலும் வளைந்த பள்ளங்கள், அந்தப் பள்ளங்களில் ஆறு எஃகுக் குண்டுகள், குண்டுகள் நகர்ந்துவிடாமல் பிடிக்க ஒரு கூண்டு. தண்டு எவ்வளவு மடங்கினாலும் அந்த ஆறு குண்டுகளும் அந்தக் கோணத்தைச் சரிபாதியாகப் பிரிக்கும் தளத்திலேயே நிற்கும், அதனால்தான் வேகம் மாறுவதில்லை. 1959ல் வந்த பிரிட்டிஷ் மினி கார் இந்த ஜாயிண்டை வைத்துத்தான் முன்சக்கர இயக்கத்தைச் சாதாரண மக்களின் வண்டிக்குக் கொண்டுவந்தது. இன்று உங்கள் வீட்டு வாசலில் நிற்கும் காரிலும் அடிப்படை அதேதான்.

உள் ஜாயிண்டுக்கு அவ்வளவு மடங்கும் வேலை இல்லை. ஆனால் பள்ளம் மேட்டில் சக்கரம் ஏறி இறங்கும்போது தண்டின் தூரம் கூடிக் குறைகிறது, அதற்கு ஏற்ப உள்ளே வெளியே சறுக்கிக் கொடுக்க வேண்டும். பெரும்பாலான கார்களில் இது மூன்று கால் உள்ள ஒரு ஜாயிண்ட். ஒவ்வொரு காலிலும் ஒரு உருளை, அந்த உருளைகள் ஒரு கோப்பையின் உள்பக்கத்துத் தடங்களில் ஓடும்.

முதல் வேலை: பார்ப்பது

நிறைய பேர் நேராகச் சத்தத்துக்குப் போகிறார்கள். கண்ணால் பார்ப்பதுதான் முதல் படி, அதுவும் சத்தம் வராத காலத்தில்.

காரைச் சமதளத்தில் நிறுத்தி, ஹேண்ட் பிரேக் போட்டு, ஸ்டீயரிங்கை ஒரு பக்கம் முழுக்கத் திருப்பி எஞ்சினை அணைத்துவிடுங்கள். இப்போது முன்சக்கரத்தின் பின்பக்கம் நன்றாகத் திறந்திருக்கும். கீழே உட்கார்ந்து டார்ச் அடித்தால் தண்டும், சக்கரத்துக்கு ஒட்டி மடிப்பு மடிப்பாகக் கருப்பு ரப்பர் உறையும் தெரியும். அதுதான் பூட். ஸ்டீயரிங் திரும்பியிருப்பதால் பூட்டின் ஒரு பக்கம் விரிந்திருக்கும், மடிப்புகளின் அடிவாரம் தெரியும். விரிசல் முதலில் விழுவது அந்த அடிவாரத்தில்தான், மேடான இடத்தில் இல்லை. மேலோட்டமாகப் பார்த்தால் நன்றாக இருக்கிற பூட்டை விரலால் மெல்லப் பிரித்துப் பார்த்தால் மெல்லிய கோடுகள் தெரியும். ஓட்டி வந்த உடனே கையை விடாதீர்கள், பக்கத்திலேயே பிரேக் டிஸ்க் கொதித்துக்கொண்டிருக்கும், எஞ்சின் பக்கம் சைலன்சர் குழாயும் இருக்கும்.

கிழிந்த பூட்டை நீங்கள் தேடவே வேண்டாம், அதுவே காட்டிக்கொடுத்துவிடும். சக்கரம் சுற்றும் வேகத்தில் கிரீஸ் ஒரே கோட்டில் சுற்றிலும் தெறித்திருக்கும். ரிம்மின் உள்பக்கம், ஷாக் அப்சார்பரின் கீழ்ப்பகுதி, லோயர் ஆர்ம், பிரேக் காலிப்பரின் பின்புறம் என்று கருப்பாக, தடிப்பாக, அதன்மேல் தெருப் புழுதி ஒட்டி அழுக்குப் பொருக்காக. இதை எஞ்சின் ஆயில் கசிவோடு குழப்பிக்கொள்ள வேண்டாம். ஆயில் மேலிருந்து கீழே வழியும், ஆக்ஸில் கிரீஸ் பக்கவாட்டில் வீசியடித்திருக்கும்.

அந்த கிரீஸில் கொஞ்சத்தைத் துணியால் எடுத்து, பூட் ஓட்டையின் உதட்டிலிருந்து எடுத்தால் இன்னும் நல்லது, கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவில் வைத்துத் தேய்த்துப் பாருங்கள். மாலிப்டினம் கலந்த கிரீஸ் என்பதால் இயல்பிலேயே கருப்பு, நிறத்தை வைத்து எதுவும் முடிவு செய்யக் கூடாது. வழவழவென்று இருந்தால் ஜாயிண்ட் பிழைத்திருக்க வாய்ப்பு உண்டு. நறநறவென்று மணல் தட்டினால் அந்த மணல் குண்டுகளுக்கும் பள்ளத்துக்கும் நடுவே போய் அம்மியில் அரைப்பதுபோல எஃகை அரைத்துக்கொண்டிருக்கிறது என்று அர்த்தம். பழுப்பாக, பால் கலந்த மாதிரி மாறியிருந்தால் தண்ணீர் இறங்கிவிட்டது. நவம்பர், டிசம்பரில் முழங்கால் தண்ணீரில் ஓட்டி வந்த கார்களில் இதைத் தவறாமல் பாருங்கள். மழைக்காலம் முடிந்ததும் ஒருமுறை பூட்டைப் பார்க்கும் பழக்கம் இருந்தால் பாதி ஆக்ஸில்கள் பிழைத்துவிடும் என்பது என் எண்ணம்.

பூட்டின் இரண்டு ஓரத்தையும் இறுக்கிப் பிடிக்கும் கிளாம்ப்களையும் கவனியுங்கள். பூட் கிழியாமலேயே கிளாம்ப் தளர்ந்து ஓரத்தில் கிரீஸ் கசிவது உண்டு. அப்படி இருந்து சத்தமும் இல்லையென்றால் கிளாம்பை மாற்றி, குறைந்த கிரீஸைச் சேர்த்தாலே முடிந்தது.

உள் பூட்டைப் பார்க்கக் காருக்கு அடியில் போக வேண்டும். சர்வீஸுக்கு விடும்போது லிஃப்டில் ஏற்றச் சொல்லி, கூடவே நின்று பாருங்கள், யாரும் வேண்டாம் என்று சொல்ல மாட்டார்கள். வீட்டில் செய்வதானால் ஜாக்கியை மட்டும் நம்பி அடியில் போகவே கூடாது. பின்சக்கரங்களுக்குக் கல் முட்டுக்கொடுத்து, காரின் எடையைத் தாங்கும் ஜாக் ஸ்டாண்டில் அதை உட்காரவைத்துவிட்டுத்தான் தலையை உள்ளே விட வேண்டும். ஸ்டாண்ட் இல்லையா, அடியில் போக வேண்டாம். இதில் சமரசமே கிடையாது. உள் பக்கத்தில் இன்னொன்றும் பாருங்கள்: தண்டு கியர்பாக்ஸுக்குள் நுழைகிற இடத்தில் ஆயில் சீல் ஈரமாக இருக்கிறதா என்று. அங்கே வழிவது கிரீஸ் இல்லை, கியர் ஆயில். அது சீல் பிரச்சினை, ஆக்ஸிலே நன்றாக இருந்தும் வரலாம்.

அடுத்தது: கேட்பது

காலியான மைதானமோ அகலமான முட்டுச்சந்தோ பாருங்கள். கண்ணாடிகளை இறக்கி, ஏசியையும் பாட்டையும் நிறுத்திவிட்டு, ஸ்டீயரிங்கை ஒரு பக்கம் முழுக்க ஒடித்து முதல் கியரில் மெதுவாக வட்டம் போடுங்கள். வட்டம் போடும்போதே ஆக்ஸிலரேட்டரைக் கொஞ்சம் அழுத்தி விடுங்கள், ஏனென்றால் சுமை ஏறும்போதுதான் தேய்ந்த பள்ளத்தில் குண்டு தட்டும். பிறகு மறுபக்கம். அப்புறம் ரிவர்ஸிலும் இரண்டு பக்கமும், முன்னால் போகும்போது அடங்கியிருக்கிற ஜாயிண்ட் ரிவர்ஸில் வாய் திறப்பது உண்டு. கிளட்ச்சைப் பட்டென்று விட்டு வண்டியைத் துள்ளவைக்க வேண்டாம், நல்ல ஜாயிண்டுக்கும் அது கெடுதல்.

வெளி ஜாயிண்ட் தேய்ந்திருந்தால் சத்தம் தெளிவாக, சக்கரத்தின் சுழற்சியோடு சேர்ந்து வரும். வேகம் கூட்டினால் டக் டக் நெருக்கமாகும், குறைத்தால் தள்ளித் தள்ளி வரும், ஸ்டீயரிங்கை நேராக்கினால் நின்றுவிடும். ஆரம்பத்தில் முழு ஒடிப்பில் மட்டும் கேட்பது, நாள் ஆக ஆக லேசான வளைவிலும் கேட்கும், கடைசியில் நேராகப் போகும்போதுகூட. எந்தக் கட்டத்தில் இருக்கிறது என்பதை வைத்தே அவசரம் எவ்வளவு என்று சொல்லிவிடலாம்.

எந்தப் பக்கம் என்பதில் கொஞ்சம் நிதானம் வேண்டும். இடது பக்கம் திரும்பும்போது சுமை வலது சக்கரத்துக்குப் போவதால் வலது வெளி ஜாயிண்டை முதலில் சந்தேகப்படச் சொல்வார்கள். பெரும்பாலும் சரியாக வரும், ஆனால் இதையே கடைசி முடிவாக எடுத்துக்கொள்ள வேண்டாம், ஏனென்றால் உள்வட்டத்துச் சக்கரம்தான் அதிகமாக மடங்குகிறது. இன்னொருவரை ஓட்டச் சொல்லிவிட்டு நீங்கள் பாதுகாப்பான தூரத்தில் வெளியே நின்று கேளுங்கள், காருக்குள் உட்கார்ந்து கேட்பதைவிட பத்து மடங்கு தெளிவாகப் பக்கம் தெரியும். அதோடு, பூட் கிழிந்த பக்கமும் சத்தம் வரும் பக்கமும் ஒன்றாக இருந்தால் அதற்குமேல் ஆராய்ச்சி தேவையில்லை.

உள் ஜாயிண்ட் இப்படி டக் டக் என்று கூப்பிடாது. அது நடுக்கமாக வரும். நேரான சாலையில் நாற்பது ஐம்பதில் போய்க்கொண்டிருக்கும்போது ஆக்ஸிலரேட்டரை அழுத்தி வேகம் எடுத்தால் காரின் முன்பகுதி பக்கவாட்டில் உதறும், தரையிலும் சீட்டிலும் தெரியும். காலை எடுத்த உடனே உதறல் நின்றுவிடும். திரும்ப அழுத்தினால் திரும்ப வரும். இப்படி அழுத்தினால் வந்து காலை எடுத்தால் போவதுதான் உள் ஜாயிண்டின் அடையாளம். நான்கு பேர் உட்கார்ந்து மேட்டில் ஏறும்போது இன்னும் நன்றாகத் தெரியும். ஆட்டோமேட்டிக் காரில் பிரேக்கை மிதித்தபடி டி-யிலிருந்து ஆர்-க்கு மாற்றும்போது 'டொங்' என்று ஒரு அடி விழுவதும் உள் ஜாயிண்டாக இருக்கலாம், ஆனால் அதே அடி எஞ்சின் மவுண்ட் (எஞ்சினைத் தாங்கும் ரப்பர்) கிழிந்திருந்தாலும் விழும். பானெட்டைத் திறந்து வைத்து இன்னொருவரை கியர் மாற்றச் சொல்லி, முன்னால் நிற்காமல் பக்கவாட்டில் நின்று எஞ்சின் எவ்வளவு குதிக்கிறது என்று பாருங்கள், அதிகமாகக் குதித்தால் முதலில் மவுண்டைக் கவனியுங்கள்.

கையால் ஆட்டிப் பார்ப்பது

கார் ஸ்டாண்டில் இருக்கும்போது, எஞ்சினை அணைத்துவிட்டு, தண்டைக் கையால் பிடித்து முன்னும் பின்னும் முறுக்கிப் பாருங்கள். இங்கேதான் புதியவர்கள் தேவையில்லாமல் பயப்படுவார்கள், சில மெக்கானிக்குகள் அந்தப் பயத்தைப் பயன்படுத்திக்கொள்வதும் உண்டு. தண்டு கொஞ்சம் முறுக்கி ஆடினால் உடனே தேய்மானம் என்று ஆகாது, டிஃபரன்ஷியல் பற்களுக்கு நடுவில் இருக்கும் இடைவெளியே அந்த அளவு ஆட்டம் கொடுக்கும். நீங்கள் பார்க்க வேண்டியது தண்டுக்கும் ஜாயிண்டின் கிண்ணத்துக்கும் நடுவில் ஆட்டம் இருக்கிறதா என்பது. ஒரு கையால் கிண்ணத்தைப் பிடித்துக்கொண்டு மறு கையால் தண்டை முறுக்குங்கள். இரண்டும் சேர்ந்து அசைந்தால் சரி. கிண்ணம் நின்றபடி நிற்க, தண்டு மட்டும் 'டிக்' என்று அசைந்தால் அந்த ஜாயிண்டில் தேய்மானம்.

அதேபோல தண்டைச் சக்கரத்துப் பக்கமும் கியர்பாக்ஸ் பக்கமும் தள்ளி இழுத்தால் உள் ஜாயிண்ட் சறுக்கும். அது பழுது இல்லை, அதன் வேலையே அதுதான். "பாருங்க, எவ்வளவு ஆடுது" என்று இதைக் காட்டி யாராவது ஆக்ஸிலை மாற்றச் சொன்னால் ஒத்துக்கொள்ள வேண்டாம்.

இன்னொரு எச்சரிக்கை. முன்சக்கரங்கள் இரண்டையும் அந்தரத்தில் தொங்கவிட்டு, எஞ்சினை ஓட்டி கியர் போட்டுச் சத்தம் கேட்கும் பழக்கம் சில இடங்களில் இருக்கிறது. சக்கரம் தொங்கும்போது ஜாயிண்டுகள் வழக்கத்துக்கு மீறிய கோணத்தில் மடங்கியிருக்கும், நல்ல ஆக்ஸில்கூடச் சத்தம் போடும். ஆபத்தும் அதிகம்.

ஆக்ஸில் மேல் பழி போடும் மற்றவர்கள்

வீல் பேரிங் போனால் 'ஊஊ' என்று ஒரு ரீங்காரம் வரும். வேகத்தோடு கூடும், நேரான சாலையிலும் வரும், ஆக்ஸிலரேட்டரை அழுத்தினாலும் விட்டாலும் மாறாது. லேசாக இடது வலது ஒடித்துப் போகும்போது ஒரு பக்கம் கூடும், மறுபக்கம் குறையும். எண்பது நூறில் ஸ்டீயரிங் கிடுகிடுவென்று ஆடி, காலை எடுத்தாலும் அந்த வேகம் குறையும்வரை ஆடிக்கொண்டே இருந்தால் வீல் பேலன்சிங், அல்லது டயரே வீங்கியிருக்கிறது. ஸ்பீடு பிரேக்கரிலும் பள்ளத்திலும் மட்டும் 'கட கட' என்றால் லிங்க் ராடு, லோயர் ஆர்ம் புஷ், பால் ஜாயிண்ட் என்று சஸ்பென்ஷன் பாகங்கள் பக்கம் போங்கள். கார் நின்ற இடத்திலேயே ஸ்டீயரிங்கைத் திருப்பும்போது சத்தம் வந்தால் அது ஆக்ஸிலாக இருக்க முடியாது, ஆக்ஸில் சுற்றவே இல்லையே. ஷாக் அப்சார்பரின் மேல் மவுண்டைப் பாருங்கள்.

பிரேக் பிடித்தால் மட்டும் வரும் உதறல் டிஸ்க் கோணியதால் வருவது. வண்டி கிளம்பும்போது ஒரே ஒரு 'டக்', பிறகு அமைதி, ரிவர்ஸ் எடுத்தால் மறுபடி ஒரு 'டக்' என்றால் ஆக்ஸில் நட் தளர்ந்திருக்கிறதா, ஹப்புக்குள் ஆக்ஸிலின் பற்கள் தேய்ந்திருக்கின்றனவா என்று பார்க்கச் சொல்லுங்கள். ஏபிஎஸ் (பிரேக் பிடிக்கும்போது சக்கரம் பூட்டிக்கொள்ளாமல் தடுக்கும் அமைப்பு) விளக்கு எரிவதற்கும் ஆக்ஸிலுக்கும் தொடர்பு இருக்கலாம், பல கார்களில் வேகத்தை அளக்கும் பல் வளையம் வெளி ஜாயிண்டின் மேலேயே இருக்கிறது. அது துருப்பிடித்து விரிந்தால் விளக்கு எரியும்.

பூட்டா, ஜாயிண்டா, முழு ஆக்ஸிலா

பூட் கிழிந்திருக்கிறது, சத்தம் இல்லை, கிரீஸில் மணல் தட்டவில்லை. இந்த நிலையில் பூட் கிட் மட்டும் போதும். ஆனால் 'மாற்றிவிட்டோம்' என்பதற்குள் என்ன நடந்தது என்பது முக்கியம். ஆக்ஸிலைக் கழற்றி, ஜாயிண்டைப் பிரித்து, பழைய கிரீஸை மண்ணெண்ணெயிலோ டீசலிலோ கழுவி, உலர்த்தி, குண்டும் பள்ளமும் வெளிச்சத்தில் பார்த்து, புது கிரீஸ் வைத்து, புது கிளாம்ப் போட வேண்டும். கழுவிய ஜாயிண்டை நீங்களும் கையில் வாங்கிப் பாருங்கள். நல்ல பள்ளம் பளபளப்பான ஒரே பட்டையாக இருக்கும். கெட்டதில் குண்டு உட்காரும் இடத்தில் சின்னச் சின்னக் குழிகள், உரிந்த சிராய்ப்பு, நகத்தால் இழுத்தால் தட்டும். கூண்டில் குண்டுகள் உட்காரும் ஜன்னல்களின் ஓரங்களில் படி விழுந்திருக்கும். அப்படி இருந்தால் பூட் மாற்றிப் பயனில்லை, ஜாயிண்டுக்குப் போங்கள்.

கிரீஸ் விஷயத்தில் கறாராக இருங்கள். கிட்டோடு வரும் பாக்கெட் கிரீஸ், அதுவும் முழு அளவு. வீல் பேரிங்குக்கு வைத்திருக்கும் சாதாரண கிரீஸை அள்ளி அப்புவதை அனுமதிக்காதீர்கள், ஜாயிண்டுக்குள் இருக்கும் அழுத்தத்துக்கு மாலிப்டினம் சேர்ந்த கிரீஸ்தான் தாங்கும். உள் ஜாயிண்டுக்கும் வெளி ஜாயிண்டுக்கும் வெவ்வேறு கிரீஸ் கொடுக்கும் கம்பெனிகளும் உண்டு, பாக்கெட்டை மாற்றிப் போட்டுவிடக் கூடாது. கிளாம்ப்புக்குப் பதிலாகப் பிளாஸ்டிக் டை கட்டினால் அது தற்காலிகம்கூட இல்லை. வெட்டி ஒட்டும் பூட் என்று ஒன்று விற்கிறது, ஆக்ஸிலைக் கழற்றாமலேயே போடலாம் என்பார்கள். நெடுஞ்சாலையில் மாட்டிக்கொண்டால் ஊர் வந்து சேர உதவும், அதற்குமேல் எனக்கு அதில் நம்பிக்கை இல்லை.

டக் டக் சத்தம் வந்துவிட்டதென்றால் புது கிரீஸ் அதைக் குணமாக்காது. சில நாள் சத்தம் அமுங்கும், பள்ளத்தில் விழுந்த குழி அப்படியேதான் இருக்கும். பழைய கார் விற்கிறவர்கள் சிலர் இதையே செய்து விற்றுவிடுவதால், வாங்கப் போகிற காரில் ஒரு பக்கம் மட்டும் பளிச்சென்று புது பூட் இருந்தால் அந்தப் பக்கத்தை இரண்டு மடங்கு கவனமாக வட்டம் போட்டுக் கேளுங்கள்.

வெளி ஜாயிண்ட் மட்டும் தனியாகக் கிடைத்தால் அதை மட்டும் மாற்றலாம், பெரும்பாலான சின்ன கார்களுக்குக் கிடைக்கிறது. இரண்டு முனையும் தேய்ந்திருந்தால் முழு ஆக்ஸில்தான் கணக்குக்குச் சரி. சென்னையில் ஜி.பி. ரோட்டில் புது உதிரிபாகமும் புதுப்பேட்டையில் கழற்றிய பழைய ஆக்ஸிலும் கிடைக்கும். பழையது வாங்குவதானால் பூட்டைப் பார்த்து ஏமாறாதீர்கள், மடக்கி மடக்கிச் சுற்றிப் பாருங்கள், எங்காவது கை தட்டினால் வேண்டாம். கழற்றிய ஆக்ஸிலைக் கையிலேயே கொண்டுபோய்ப் பக்கத்தில் வைத்து நீளம், பற்களின் எண்ணிக்கை, ஏபிஎஸ் வளையம் மூன்றையும் ஒப்பிடுங்கள். ஒரே மாடலில் பெட்ரோலுக்கும் டீசலுக்கும், மேனுவலுக்கும் ஆட்டோமேட்டிக்குக்கும் ஆக்ஸில் மாறலாம்.

வேலை நடக்கும்போது இரண்டு விஷயம். ஆக்ஸிலைக் கியர்பாக்ஸிலிருந்து இழுத்தால் கியர் ஆயில் வெளியே வரும். அதனால் ஆயில் சீலை அப்போதே மாற்றிவிடுவது நல்லது, வேலை முடிந்ததும் ஆயில் அளவை நிரப்பியே ஆக வேண்டும். அடுத்து, சக்கரத்து நடுவில் இருக்கும் பெரிய ஆக்ஸில் நட். பல கார்களில் அதன் உதட்டை உளியால் தட்டிப் பூட்டியிருப்பார்கள், அந்த வகையைத் திரும்பப் போடக் கூடாது, புது நட் வேண்டும். கம்பெனி சொன்ன அளவுக்கு டார்க் ரெஞ்சால் இறுக்க வேண்டும். குறைவாக இறுகினால் பேரிங் போகும்.

பின்சக்கர வண்டிகளுக்கு

ஆம்னி, ஈகோ, பொலிரோ, ஸ்கார்பியோ, இன்னோவா கிரிஸ்டா வைத்திருப்பவர்கள் முன்னால் பூட் தேட வேண்டாம், அங்கே இழுவை பின்னால். இன்னோவாவில் ஹைகிராஸ் மட்டும் முன்சக்கர இயக்கம். ஃபோர் வீல் டிரைவ் வண்டியென்றால் முன்னாலும் பின்னாலும் பார்க்க வேண்டும். பின்சக்கர வண்டியில் கியர்பாக்ஸிலிருந்து நீளமாகப் போகும் புரொப்பல்லர் ஷாஃப்ட்டில் கிராஸ் ஜாயிண்ட் இருக்கும். கிராஸ் தேய்ந்தால் கிளட்ச் விடும்போதும் கியர் மாற்றும்போதும் அடியில் 'டங்' என்று அடிக்கும், வேகத்தில் தரை அதிரும். கிராஸைச் சுற்றிச் செம்பழுப்பாகத் துருத்தூள் படிந்திருந்தால் உள்ளே கிரீஸ் வற்றிவிட்டது. கிரீஸ் நிப்பிள் (கிரீஸ் அடிக்கும் சின்ன முனை) உள்ள வண்டிகளில் ஒவ்வொரு சர்வீஸிலும் கிரீஸ் அடித்தார்களா என்று கேட்டு வாங்குங்கள். ஷாஃப்ட்டைக் கழற்றும்போது இருந்த நிலைக்கு சுண்ணாம்புக் கட்டியால் ஒரு கோடு போட்டு, அதே நிலையில் மாட்டச் சொல்லுங்கள், இரண்டு முனைக் கிராஸும் ஒன்றையொன்று சமன்செய்கிற மாதிரி அமைந்திருப்பவை, மாற்றி மாட்டினால் புது அதிர்வு வந்து சேரும். பின் ஆக்ஸிலின் ஓரத்தில் ஆயில் சீல் கசிந்தால் டிரம்முக்குள் ஆயில் போய் பிரேக் பிடிக்காது. சீல் மாற்றியும் திரும்பத் திரும்பக் கசிந்தால் ஹவுசிங் மேலே இருக்கும் காற்றுத் துளை அடைத்திருக்கிறதா என்று பாருங்கள், உள்ளே சூடேறிய காற்று போக வழியில்லாமல் ஆயிலைச் சீல் வழியாகத் தள்ளும்.

எவ்வளவு நாள் ஓட்டலாம்

பூட் கிழிந்து சத்தம் இல்லையென்றால் மழையைத் தவிர்த்து அந்த வாரத்துக்குள் பார்த்துவிடுங்கள். முழு ஒடிப்பில் மட்டும் சத்தம் என்றால் ஊருக்குள் மெதுவாக ஓட்டிச் சமாளிக்கலாம், ஆனால் தேதி குறித்துவிடுங்கள். நேராகப் போகும்போதே சத்தம், அல்லது வேகம் எடுக்கும்போது பலமான உதறல் என்றால் நெடுஞ்சாலைப் பயணம் வேண்டாம்.

ஓட்டிக்கொண்டே இருந்தால் ஒருநாள் ஜாயிண்ட் உடையும், அல்லது தண்டு கழன்றுவிடும். எஞ்சின் ஓடும், கியர் விழும், கார் நகராது, ஏனென்றால் டிஃபரன்ஷியல் சக்தி முழுவதும் உடைந்த பக்கமே வீணாகச் சுற்றும். அந்த நேரத்தில் கியரில் போட்டாலும், ஆட்டோமேட்டிக்கில் பி-யில் போட்டாலும் கார் நிற்கும் என்று நம்பாதீர்கள். பி கியர் பூட்டுவது கியர்பாக்ஸை, உடைந்த தண்டுக்கு அப்பால் இருக்கும் சக்கரத்தை அது பிடிக்காது, நல்ல பக்கத்துச் சக்கரமும் டிஃபரன்ஷியல் வழியாக உருண்டுவிடும். ஹேண்ட் பிரேக்கை முழுக்க இழுத்து, சக்கரத்துக்குக் கல் வைத்துவிட்டுத்தான் இறங்க வேண்டும், சரிவான சாலையில் இது உயிர் விஷயம்.

வேலை முடிந்து கார் கைக்கு வந்ததும் அதே மைதானத்தில் அதே வட்டத்தை இரண்டு பக்கமும் போட்டுப் பாருங்கள். கழற்றிய பழைய ஜாயிண்டைக் கேட்டு வாங்குங்கள், தேய்மானம் உண்மையா என்று அதிலேயே தெரிந்துவிடும். இரண்டு மூன்று நாள் இரவில் நிறுத்துமிடத்தில் கியர்பாக்ஸுக்குக் கீழே ஒரு பழைய அட்டையை விரித்து வையுங்கள். காலையில் அதில் ஆயில் சொட்டு இருந்தால் சீல் சரியாக உட்காரவில்லை, அன்றைக்கே அட்டையோடு போய்க் காட்டுங்கள்.